துரை இருந்த பங்களாவும் மகள் எடுத்த பங்களாவும்

கேட்டவர் குன்னூர் பக்கம் ஒரு எஸ்டேட்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் மகள் இங்கிலாந்தில் நர்ஸ். இரண்டு படுக்கையறை உள்ள ‘பங்களா’ ஒன்றை வாடகைக்குப் பிடித்துவிட்டதாகப் போனில் சொல்லியிருக்கிறார். எஸ்டேட் தொழிலாளர்களின் லைன் வீட்டில் பிறந்த பிள்ளை பங்களாவில் குடியேறிவிட்டாள் என்று இவர் அக்கம்பக்கமெல்லாம் சொல்லி ஸ்வீட்டும் கொடுத்துவிட்டார். அப்புறம் போட்டோ வந்தது. மாடி இல்லாத, சின்ன ஓட்டு வீடு. “பெருமைக்காகச் சொல்லிவிட்டாளா? துரை இருந்ததும் பங்களா, இதுவும் பங்களாவா? இந்தச் சொல்லே பெங்களூரிலிருந்து வந்தது என்கிறார்களே, உண்மையா?” இதுதான் கேள்வி.

ஐயா, உங்கள் மகள் ஒன்றும் கூட்டிச் சொல்லவில்லை. இங்கிலாந்தில் ‘பங்களோ’ என்றால் மாடிப்படி இல்லாத, ஒரே தளத்து வீடு. அவ்வளவுதான். அளவு அங்கே கணக்கில்லை. நமக்குப் பங்களா என்றால் பெரிய வீடு, வாசலில் கேட், உள்ளே தோட்டம், நாய், காவல்காரர். மாடி இருந்தால் இன்னும் விசேஷம். ஒரே சொல் இரண்டு ஊரில் இரண்டு பக்கமாக நகர்ந்துவிட்டது. வேடிக்கை என்னவென்றால், அது பிறந்த இடத்தில் குறித்த பொருளோடு ஒப்பிட்டால் துரை வீட்டைவிட உங்கள் மகள் வீடுதான் அதற்குக் கொஞ்சம் கிட்டத்தில் இருக்கிறது.

பெங்களூர்க் கதையை முதலில் முடித்துவிடுகிறேன். அந்த ஊரில் பழைய பங்களாக்கள் நிறைய, பெயரின் ஒலியும் கிட்டத்தட்ட ஒன்று, நமக்குப் பக்கத்து ஊர் வேறு. அதனால் அப்படித் தோன்றுவது இயல்பு. ஆனால் ‘பெங்களூரு’ என்ற ஊர்ப்பெயர் பேகூர்க் கல்வெட்டிலேயே, அதாவது ஆயிரம் வருஷத்துக்கும் முன்பே, இருக்கிறது. அதற்கும் வீட்டுக்கும் சம்பந்தமில்லை. இந்தச் சொல்லின் ஊர் வங்காளம். இந்துஸ்தானியில் ‘பங்க்லா’ என்றால் ‘வங்காளத்து’ என்று பொருள். ‘வங்காளத்துப் பாணி வீடு’ என்பது நாளாவட்டத்தில் ‘வங்காளத்து’ என்று மட்டும் நின்றுவிட்டது. குஜராத்தியில் இதே சொல் ‘பங்களோ’ என்று முடியும். ஆங்கிலத்தின் ‘பங்களோ’வும் அந்த ஓகாரத்தோடுதான் இருக்கிறது. நாம் பங்களா என்று ஆகாரத்தில் முடிக்கிறோம், மலையாளத்தில் பங்க்ளாவு என்கிறார்கள். ஆங்கிலேயர் வாயிலிருந்து நேராகக் கேட்டு எடுத்திருந்தால் நாமும் பங்களோ என்றுதான் சொல்லிக்கொண்டிருப்போம். எனவே நம் சொல் துரைகளோடு வந்த பட்டாளத்துக்காரர்கள், முன்ஷிகள், வேலைக்காரர்கள் பேசிய இந்துஸ்தானி வழியாக வந்திருக்க வேண்டும் என்பது என் கணிப்பு. ஆக, வங்காளம், பங்களா இரண்டும் தமிழில் ஒரே வேரின் இரண்டு கிளைகள். ஒன்று பழைய வழியில் வந்தது, இன்னொன்று புது வழியில் வந்தது.

பழைய வழி எவ்வளவு பழையது என்றால், ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தியில் இருக்கிறது. போளூர் பக்கத்துத் திருமலைக் கல்வெட்டில் அவன் படை வடக்கே வென்ற நாடுகளின் வரிசை வரும். அதில் ஒரு அடி: ‘தங்காத சாரல் வங்காள தேசமும்’. ஓயாத சாரல் உடைய வங்காள தேசம். பதினோராம் நூற்றாண்டின் முற்பாதி. வங்காளம் என்ற பெயரைப் பொறித்த பழைய கல்வெட்டுகளில் ஒன்று தமிழில் இருக்கிறது என்பதே ஒரு ஆச்சரியம். எனக்கு அதைவிடப் பிடித்தது அந்த ‘தங்காத சாரல்’. அந்த நாட்டைப் பற்றிச் சொல்ல எத்தனையோ இருக்க, மெய்க்கீர்த்தி எழுதியவர் மழையைப் பிடித்துக்கொண்டார். நம் சொல்லின் கதை முழுக்க அந்த மழையில்தான் தொடங்குகிறது.

வங்காளத்துக் கிராம வீட்டின் கூரையைப் படத்திலாவது பார்த்திருப்பீர்கள். மண் திண்டு போட்டு உயர்த்திய தரை, மூங்கில் சட்டம், மேலே வைக்கோலோ புல்லோ. முகட்டுக் கோடு நம் ஓலைக் குடிசையில் போல நேராக இருக்காது. நடுவில் உயர்ந்து இரண்டு ஓரமும் கீழே வளையும், வில்லை வளைத்து வைத்த மாதிரி. இறவாணமும் அதே வளைவில் இறங்கும். மூங்கில் வளைந்து கொடுக்கும், அந்த வளைவில் விழும் மழை நிற்காமல் வழிந்துவிடும். இரண்டு சரிவு உள்ளதை அங்கே தோ-சாலா என்பார்கள், நான்கு சரிவு என்றால் சார்-சாலா.

இந்தக் குடிசைக் கூரை சாமிக்கும் பிடித்தது, பாதுஷாவுக்கும் பிடித்தது. வங்காளத்து விஷ்ணுபூரில் 1655-ல் செங்கல்லில் கட்டிய ஒரு கோயில் இரண்டு குடிசைகளை ஒட்டி வைத்தது போலவே இருக்கும். அதன் பெயரே ஜோர் பங்களா, அதாவது ஜோடி பங்களா. ஆக்ரா கோட்டையில் ஷாஜகான் கட்டிய காஸ் மகாலுக்கு இருபுறமும் உள்ள மண்டபங்களிலும் அதே வளைந்த கூரைதான். வைக்கோலும் மூங்கிலும் செய்த வேலையைக் கல்லில் செய்திருக்கிறார்கள். ஏழை வீட்டுக் கூரை அரண்மனைக்குப் போனது ஆங்கிலேயர் காலத்தில் புதிதாக நடந்த சங்கதி இல்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

வங்காளத்துக்காரன் தன் வீட்டை ‘வங்காள வீடு’ என்று சொல்லியிருக்க மாட்டான், அவனுக்கு அது வெறும் வீடு. நாம் ஊட்டியில் வர்க்கி என்று கேட்டு வாங்குவதைக் கோயம்புத்தூர்க்காரர் ஊட்டி வர்க்கி என்று கேட்டு வாங்குவது போல, இந்தப் பெயரும் வெளியூர்க்காரர் வைத்ததுதான். பீகாரிலும் அதற்கு மேற்கேயும் வெள்ளைக்காரர்கள் அந்தப் பாணியில் வீடு கட்டியபோது, அங்கிருந்த சனங்கள் அதைப் ‘பங்க்லா’ என்று சொல்லிப் பெயர் நிலைத்தது என்பது பழைய அகராதிக்காரர்கள் தரும் விளக்கம். எனக்கும் அது பொருத்தமாகத்தான் படுகிறது.

ஆங்கில எழுத்தில் இந்தச் சொல் தலைகாட்டும் ஆரம்ப இடங்களில் ஒன்று 1676. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஸ்ட்ரெய்ன்ஷாம் மாஸ்டர் வங்காளத்து ஹூக்ளியில் எழுதிய நாட்குறிப்பு. கம்பெனியின் படகுகளில் வேலை பார்க்கும் ஆங்கிலேயர்களுக்குப் ‘பங்களே அல்லது குடிசைகள்’ போட்டுத் தர வேண்டும் என்று அதில் வருகிறது. பங்களாவும் குடிசையும் அவருக்கு ஒன்றுதான் என்பதைக் கவனியுங்கள். இந்த மாஸ்டர் பிறகு சென்னைக்கு வந்து செயின்ட் ஜார்ஜ் கோட்டையின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர். 1680-ல் முடிந்த கோட்டை செயின்ட் மேரி தேவாலயத்தைக் கட்ட முன்னின்றவரும் அவர்தான். படகுக்காரனுக்குப் போட்ட குடிசையின் பெயரில் பின்னால் கலெக்டர்கள் குடியிருப்பார்கள் என்று அவர் நினைத்திருக்க வழியில்லை.

அடுத்த நூறு நூற்றைம்பது வருஷத்தில் குடிசை வளர்ந்தது. கூரையை நான்கு பக்கமும் இழுத்து இறக்கி, அடியில் தூண் கொடுத்தால் வராந்தா. (வராந்தா என்ற சொல்லுக்கு இந்தியப் பூர்வீகமா போர்த்துகீசியப் பூர்வீகமா என்று தனிச் சண்டை இருக்கிறது, இங்கே அது வேண்டாம்.) வெயில் சுவரில் படாது, மழை உள்ளே அடிக்காது, துரை சாய்வு நாற்காலியில் காலை நீட்டி உட்காரலாம். நடுவில் ஒரு கூடம், சுற்றி அறைகள், உயரமான விதானம், எதிரெதிரே கதவுகள். சமையலறை தனியாகப் பின்னால். இதைச் சுற்றிப் பெரிய காம்பவுண்டு. அந்தக் காம்பவுண்டுதான் அர்த்தத்தை மாற்றியது என்பேன். வீடு ஒரு தளம்தான், கூரை புல்தான், ஆனால் சுற்றியுள்ள வெற்றிடமும் வேலைக்காரர் எண்ணிக்கையும் உள்ளே இருப்பவர் யார் என்று சொல்லிவிடும். வெளியே நின்று பார்க்கும் நம் ஆளுக்குப் பங்களா என்பது கட்டட வகையாகத் தெரியவில்லை, அதிகாரமாகத் தெரிந்தது. தபால் போகும் வழியில் பிரயாணிகள் தங்கக் கட்டிய டாக் பங்களா, டிராவலர்ஸ் பங்களா, இன்ஸ்பெக்‌ஷன் பங்களா எல்லாம் சர்க்கார் கட்டடங்கள். கலெக்டர் குடியிருந்ததும் பங்களா. தேனியில் பங்களாமேடு, கோபி பக்கம் பங்களாப்புதூர் என்று ஊர்ப்பெயரில் கூட அது ஏறி உட்கார்ந்துவிட்டது.

இப்போது நம் நீலகிரி மலைக்கு வருவோம். கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் 1819-ல் மேலே ஏறி வந்தார். கோத்தகிரிக்குப் பக்கத்தில் கன்னேரிமுக்கில் அவர் கட்டிய வீட்டைப் பெத்தக்கல் பங்களா என்பார்கள். இன்று அது சல்லிவன் நினைவகம். பார்க்காதவர்கள் ஒருமுறை போய்ப் பாருங்கள், ரொம்பப் பெரிதாக எதிர்பார்க்க வேண்டாம். பிறகு 1822-ல் ஊட்டியில் ஒரு கல் வீட்டைக் கட்ட ஆரம்பித்தார். ஆங்கிலத்தில் ஸ்டோன் ஹவுஸ், சனங்கள் வாயில் கல் பங்களா. இப்போது அரசு கலைக் கல்லூரி வளாகத்துக்குள் இருக்கிறது. அது நின்ற மேடு தோடர்களுடைய நிலம், ஏக்கருக்கு ஒரு ரூபாய் என்று வாங்கியதாகச் சொல்வார்கள். பழனி மலையிலும் இதே கதைதான், ஆள்தான் வேறு. மதுரையிலிருந்த அமெரிக்க மிஷனரிகள் 1845-ல் கொடைக்கானலில் முதல் இரண்டு வீடுகளைக் கட்டிக்கொண்டார்கள்.

இதில் ஒரு முரண் எனக்கு எப்போதும் உறுத்தும். சல்லிவன் கல்லடுக்கிக் கட்டிய இடத்தைச் சுற்றி இருந்த மந்துகளில், அதாவது தோடர் குடியிருப்புகளில், உள்ள வீடுகளைப் பாருங்கள். மூங்கிலும் பிரம்பும் வளைத்து, மேலே புல் வேய்ந்து, பீப்பாயைப் பாதியாகப் பிளந்து கவிழ்த்தது மாதிரி வளைந்த கூரை. குனிந்து தவழ்ந்து நுழையும் அளவு வாசல், குளிரும் காட்டு மிருகமும் உள்ளே வராதபடி. வங்காளக் குடிசைக்கும் இதற்கும் உறவு எதுவும் கிடையாது, அதை அழுத்திச் சொல்லிவிடுகிறேன், யாராவது புதுசாக ஒரு ஆராய்ச்சியைக் கிளப்பப் போகிறார்கள். நான் சொல்ல வருவது வேறு. வளைந்த மூங்கில் கூரையின் பெயரை, வளைவும் இல்லாத மூங்கிலும் இல்லாத கல் வீட்டுக்குச் சூட்டினோம். பக்கத்திலேயே நிஜமாக வளைந்த மூங்கில் கூரை நின்றது, அதைக் குடிசை என்றோம். படகர் ஹட்டிகளில், அதாவது அவர்கள் ஊர்களில், வரிசையாக ஒட்டிக் கட்டிய வீடுகள் எத்தனை நேர்த்தியாக இருந்தாலும் அவற்றை யாரும் பங்களா என்று சொன்னதில்லை. அதற்குள் சொல் துரையோடு ஒட்டிக்கொண்டுவிட்டது.

மலைக்கு வந்ததும் பங்களாவின் உடம்பும் மாறியது. கீழ்நாட்டில் வெக்கைக்குப் பயந்து கட்டியது, இங்கே குளிருக்குப் பயப்பட வேண்டும். திறந்த வராந்தாவுக்கு வேலை இல்லை. அதனால் அதைக் கண்ணாடி போட்டு அடைத்து வெயில் காயும் அறையாக்கினார்கள். ஒவ்வொரு அறையிலும் கணப்பு, கூரையில் புகைபோக்கி. புல் கூரை நெருப்புக்குப் பயந்து போனது, ஓடும் தகரமும் வந்தன. மங்களூரில் பாசல் மிஷன் என்ற கிறிஸ்தவ மிஷனரி அமைப்பினர் 1865-ல் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய பிறகு அந்தச் சிவப்பு ஓடு மலையெங்கும் ஏறியது. தென்மேற்குப் பருவமழையை முகத்தில் வாங்கும் கூடலூர் பக்கமும் சரி, வடகிழக்கில் நனையும் குன்னூர் கோத்தகிரி பக்கமும் சரி, சரிவான கூரை இல்லாமல் முடியாது. மறுபடியும் ‘தங்காத சாரல்’தான்.

அப்புறம் காபியும் தேயிலையும் வந்தன, எஸ்டேட்டுகள் வந்தன. எஸ்டேட்டில் பங்களாவுக்கு என்ன பொருள் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பெரிய துரை இருப்பது பெரிய பங்களா, சின்ன துரை இருப்பது சின்ன பங்களா, கிளார்க்கு இருப்பது குவாட்டர்ஸ், கொழுந்து பறிப்பவர் இருப்பது லைன். இலங்கை மலையகத்திலிருந்து திரும்பி வந்தவர்கள் அதை லயம் என்பார்கள். ‘பங்களா வேலை’ என்றால் பட்லராக, ஆயாவாக, தோட்டக்காரராகப் போவது. இடத்திலும் இதே வரிசைதான்: பங்களா மேட்டில் நல்ல காட்சியோடு, லைன் பள்ளத்தில் ஓடைப் பக்கம். சில பங்களாக்களுக்கு மாடியும் கட்டினார்கள், அப்போதும் பெயர் மாறவில்லை. ஏனென்றால் எத்தனை தளம் என்பதை இங்கே யாரும் எண்ணவில்லை. இந்த அனுபவத்திலிருந்துதான் ‘கார், பங்களா என்று வாழ்கிறான்’ என்ற பேச்சு நமக்குச் சரளமாக வருகிறது. சினிமாவில் பேய் வரும் பங்களாவும் பெரும்பாலும் மலையில்தான் இருக்கும், அது பாவம் வேறு விஷயம்.

சரி, இங்கிலாந்தில் என்ன நடந்தது? 1869, 70 வாக்கில் கென்ட் கடற்கரையில் வெஸ்ட்கேட், பர்ச்சிங்டன் என்ற ஊர்களில் ஜான் டெய்லர் என்ற கட்டடக் கலைஞர் அந்நாட்டின் முதல் பங்களோக்களைக் கட்டினார். லண்டன் பணக்காரர்கள் கடல் காற்று வாங்கி உடம்பைத் தேற்றிக்கொள்ளப் போகும் விடுமுறை வீடுகள் அவை. இந்தியாவின் வாசனை ஒட்டிய பெயர், கொஞ்சம் புதுமை, கொஞ்சம் பகட்டு. ஓவியரும் கவிஞருமான ரோசெட்டி 1882-ல் இறந்தது பர்ச்சிங்டனில் இப்படியொரு பங்களோவில்தான். அதாவது அங்கேயும் முதலில் அது மேல்தட்டுச் சொல். தொடர்ந்து அப்படியே போயிருந்தால் உங்கள் போன் பேச்சில் இந்தக் குழப்பமே வந்திருக்காது.

முதல் உலகப் போருக்குப் பிறகுதான் தடம் மாறியது. நடுத்தர மக்கள் கையில் கொஞ்சம் காசு, பஸ்ஸும் காரும் வந்தன, கடற்கரையோரம் நிலம் மலிவு. ஒரே தளம் என்பதால் கட்டுவதும் சுலபம். தெற்குக் கடற்கரை நெடுக வரிசை வரிசையாகச் சின்ன பங்களோக்கள் முளைத்தன. மேட்டுக்குடியினர் முகம் சுளித்தார்கள். ‘பங்களாய்ட்’ என்று ஒரு கேலிச் சொல்லையே உண்டாக்கினார்கள், ஏதோ தொற்று நோய்ப் பெயர் போல. அந்தக் கேலியில் சொல்லின் பகட்டு கரைந்து, எல்லோருக்கும் தெரிகிற ஒரு அடையாளம் மட்டும் மிஞ்சியது: மாடி இல்லை. இன்று அங்கே முழங்கால் வலியுள்ள வயதானவர்கள் தேடிப் பிடிப்பது பங்களோ. மலிவு என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். ஒரே தளத்துக்கு நிலம் அதிகம் வேண்டும், அதனால் அதே பரப்புள்ள மாடி வீட்டைவிட விலை கூடுதலாகவே இருப்பது உண்டு.

அங்கே ஒரு ஜோக்கும் சொல்வார்கள். கொத்தனார் பாதிச் சுவர் எழுப்பியதும் செங்கல் தீர்ந்துபோனதாம். மேஸ்திரி, ‘போதும், பங் எ லோ ரூஃப் ஆன் இட்’ என்றாராம், அதாவது தாழ்வாக ஒரு கூரையைத் தூக்கிப் போட்டு மூடு என்று. அதிலிருந்து பங்களோ வந்ததாம்! இதை உண்மை என்று நம்புகிறவர்களும் உண்டு. பெங்களூர்க் கதை மாதிரிதான், ஒலியைக் கேட்டு ஒரு கதை கட்டுவதில் எல்லா நாட்டுக்காரரும் ஒன்று.

மற்ற நாடுகளை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில், குறிப்பாகக் கலிபோர்னியாவில், இருபதாம் நூற்றாண்டின் முதல் முப்பது வருஷத்தில் முன்பக்கம் திண்ணை வைத்த சின்ன மர வீடுகள் இந்தப் பெயரில் பரவின. சியர்ஸ் கம்பெனி கேட்டலாக்கில் ஆர்டர் கொடுத்தால் மரமும் ஆணியுமாக மொத்த வீட்டையும் ரயிலில் அனுப்பி வைத்தது. ஜெர்மனியில் 1964-ல் பான் நகரில் சான்சலருக்குக் கட்டிய தட்டையான கண்ணாடி வீட்டுக்குப் பெயர் சான்சலர் பங்களோ. நமக்கு நெருக்கமானது சிங்கப்பூரும் மலேசியாவும். அங்கே நாலு பக்கமும் இடம் விட்டுத் தனியாக நிற்கும் வீடுதான் பங்களோ, இரண்டு மாடி மூன்று மாடி என்றாலும் சரி. சிங்கப்பூரில் ‘குட் கிளாஸ் பங்களோ’ என்று சட்டப்படி ஒரு வகையே இருக்கிறது, அதற்கு மனை குறைந்தது 1,400 சதுர மீட்டர் இருக்க வேண்டும். கோடீஸ்வரர்கள் சமாச்சாரம். இந்தப் பொருள் நம்முடையதோடு கிட்டத்தட்டச் சேர்ந்து போகிறது, காரணமும் ஒன்றேதான்: அங்கேயும் துரை குடியிருந்த வீட்டை வெளியிலிருந்து பார்த்தே சொல்லைக் கற்றார்கள்.

உங்கள் சிங்கப்பூர் உறவினர் யாராவது மகளைப் பற்றிக் கேட்டால், பங்களோ என்று ஆங்கிலத்தில் சொல்லிவிடாதீர்கள், கடன் கேட்க வந்துவிடுவார்கள். ‘மாடி இல்லாத தனி வீடு’ என்று சொல்லுங்கள். துரை பங்களாவைப் பற்றி மகள் அங்கே தோழிகளிடம் பேசும்போதும் வெறும் பங்களோ என்றால் போதாது, அவர்கள் இரண்டு அறை ஓட்டு வீட்டைத்தான் நினைப்பார்கள். ‘எஸ்டேட் மேனேஜர் மாளிகை’ என்கிற மாதிரி எதையாவது சேர்த்துச் சொல்ல வேண்டும். இன்னொன்று, போட்டோவில் கூரைச் சரிவில் ஜன்னல் துருத்திக்கொண்டு தெரிகிறதா பாருங்கள். தெரிந்தால் ஓட்டுக்கு அடியில் ஒரு அறை இருக்கிறது, மேலே ஏற ஒரு சின்னப் படியும் இருக்கும். அதை அங்கே டார்மர் பங்களோ என்பார்கள், நீங்கள் போய்த் தங்கும்போது உங்களுக்கு அந்த அறையைத்தான் ஒதுக்குவாள்.